மாமாவின் இடுப்பும் மாநில எல்லையும்

எங்கள் மாமா இடுப்பில் துப்பாக்கி வைத்திருந்தார். இதை நான்தான் சொல்ல வேண்டும். அவர் யாரிடமும் சொல்ல மாட்டார், ஆனால் ஊரே அறியும். அரசாங்க லைசென்ஸோடு வைத்திருந்த கைத்துப்பாக்கி அது. எங்கள் தாத்தா ஒரு நிலத் தகராறில் உயிருக்குப் பயந்து வாங்கியது. அவர் காலமான பிறகு வாரிசு முறையில் மாமாவுக்கு வந்தது. தகராறு செய்தவர்களும் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். அவர்களுடைய பிள்ளைகள் மாமாவின் கரும்பு வெட்டுக்கு ஆள் அனுப்புகிற அளவுக்கு ஒட்டிக்கொண்டார்கள். துப்பாக்கி மட்டும் சமாதானமாகவில்லை.

மாமா என் அம்மாவின் தம்பி. பெண்ணாடத்தில் கரும்புக் கொல்லைக்கு நடுவே தனி வீடு, தனி ஆள். கல்யாணம் ஆகவில்லை. துப்பாக்கிக்காரனுக்கு எப்படிப் பெண் கொடுப்பது என்று ஒரு வீட்டில் பின்வாங்கினார்கள். அதற்குப் பிறகு யாரும் பெண் பார்க்கவில்லை, அவரும் கேட்கவில்லை. "அவன்தான் அதையே கட்டிக்கிட்டானே" என்பார் அப்பா.

மனிதர் பெரிய வீரர் என்று நினைத்துவிடாதீர்கள். தெருநாய் குரைத்தால் என் பின்னால் வந்து நிற்பார். ஒரு தோட்டாகூடச் சுட்டதில்லை. ஆனால் தொளதொளவென்ற சட்டை, அதற்குள் அகலமான பச்சை பெல்ட், அதில் வலப்பக்கம் அது. நாற்காலியில் எப்போதும் ஒருக்களித்துத்தான் உட்காருவார். புதிதாகப் பார்க்கிறவர்கள் மூலம் என்று நினைத்துக்கொண்டு அம்மாவிடம் கருணைக்கிழங்கு வைத்தியம் சொல்லிவிட்டுப் போவார்கள். அம்மாவும் தலையாட்டிக் கேட்டுக்கொள்வாள். மறைத்து வைத்திருப்பதை மறைக்க வேறு என்ன வழி?

அந்தத் துப்பாக்கியால் மாமா போக முடியாத இடங்கள் இரண்டு. ஒன்று சிதம்பரம் கோயில். எங்கள் வீடு அங்கேதான், தேரோடும் வீதிக்குப் பின்தெருவில். சன்னிதியில் ஆண்கள் சட்டையைக் கழற்ற வேண்டும். மாமா எங்கே கழற்றுவது? நாங்கள் உள்ளே போய்ச் சாமி கும்பிட்டு வரும்வரை கீழக் கோபுர வாசலில் எங்கள் செருப்புகளுக்குக் காவல் நிற்பார். துப்பாக்கி ஏந்திய காவலில் செருப்பு விட்ட குடும்பம் சிதம்பரத்தில் எங்களுடையதாகத்தான் இருக்கும். இவர் உள்ளே போகாததைப் பார்த்த பக்கத்து வீட்டுக்காரர், மாமாவுக்குக் கடவுள் நம்பிக்கை இல்லை என்று முடிவுகட்டி, பகுத்தறிவுப் புத்தகங்களைக் கொண்டுவந்து கொடுத்தார். பாவம் மாமா, சட்டைப்பையில் விபூதிப் பொட்டலத்தோடு அந்தப் புத்தகங்களை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார்.

இன்னொரு இடம் புதுச்சேரி. லைசென்ஸ் தமிழ்நாட்டுக்கு மட்டும்தான் செல்லும். கடலூரைத் தாண்டி ரெட்டிச்சாவடி வரைக்கும் அவர் சட்டப்படி நடந்துகொள்ளும் குடிமகன். அடுத்து முள்ளோடையில் கால் வைத்தால் குற்றவாளி. நடுவில் பெரிய மலையோ ஆறோ கிடையாது. ஒரு சோதனைச் சாவடி, அந்தப் பக்கம் வரிசையாகச் சாராயக் கடைகள், அவ்வளவுதான். ஊரே அங்கிருந்து இங்கே இடுப்பில் பாட்டிலைச் செருகிக்கொண்டு வரும். போலீஸும் அதைத்தான் தடவிப் பார்ப்பார்கள். இங்கிருந்து அங்கே கொண்டுபோகக் கூடாததை இடுப்பில் வைத்திருந்த ஒரே ஆள், சொட்டுச் சாராயம் தொடாத எங்கள் மாமாதான்.

படிப்பு முடிந்து எனக்குச் சென்னையில் ஓர் இன்டர்வியூ வந்தது. துணைக்கு மாமா. சிதம்பரத்திலிருந்து நேராகச் சென்னைக்குப் பஸ் இருக்கிறது. கடலூர், புதுச்சேரி வழியாகக் கடலோரமாகவே போய்விடலாம். மாமா கண்டக்டரிடம் ஒரே ஒரு கேள்வி கேட்டார், பாண்டி வழியா என்று. ஆமாம் என்றதும் என்னையும் கூட்டிக்கொண்டு இறங்கிவிட்டார். விருத்தாசலத்துக்கு ஒரு பஸ், உளுந்தூர்பேட்டைக்கு ஒரு பஸ், அங்கிருந்து நின்றபடியே சென்னை. கசங்கின சுடிதாரோடு நான் போய்ச் சேர்ந்தபோது இன்டர்வியூ முடிந்து நாற்காலிகளை அடுக்கிக்கொண்டிருந்தார்கள். எனக்கு வந்த ஆத்திரத்தில் அந்தத் துப்பாக்கியை வாங்கி அவரையே சுட்டிருப்பேன். திரும்பி வரும்போது நான் ஜன்னல் பக்கமே முகத்தைத் திருப்பிக்கொண்டேன். மாமா வழி முழுக்க வெள்ளரிப்பிஞ்சாக வாங்கிக் கொடுத்துக்கொண்டு வந்தார்.

போகிற அன்றைக்கு மட்டும் அதைப் போலீஸ் ஸ்டேஷனில் ஒப்படைத்துவிட்டுப் போகலாமே என்று கேட்காதவர்கள் கிடையாது. மாமாவிடம் அதற்கு ஒரு பதில் இருந்தது. தானாகக் கொண்டுபோய்க் கொடுத்தால், இவனுக்கு இது தேவையில்லை என்று எழுதிவிடுவார்களாம். அடுத்த முறை புதுப்பிக்கப் போனால் அந்த ஒரு வரி குறுக்கே நிற்குமாம். வீட்டில் வைத்துப் பூட்டிவிட்டு வரலாம் என்றால், தனி வீடு, ஓட்டைப் பிரித்து இறங்கி எவனாவது எடுத்துக்கொண்டு போய்விட்டால் மாமாதான் கம்பி எண்ண வேண்டும். "மடியில கனம் இருந்தாத்தான் வழியில பயம்னு சொல்லுவாங்க. மச்சான் மடியிலயே பயத்தக் கட்டிக்கிட்டு அலையறான்" என்று அப்பா சிரிப்பார். மாமாவும் கூடவே சிரிப்பார். அவருக்குக் கோபமே வராது, அதுதான் இன்னும் எரிச்சல்.

ஆனால் தேர்தல் என்று ஒன்று வரும். அறிவித்தவுடன் லைசென்ஸ் துப்பாக்கி எல்லாவற்றையும் ஸ்டேஷனில் ஒப்படைத்தாக வேண்டும். முடிவு வந்த பிறகுதான் திரும்பக் கிடைக்கும். அந்த வாரங்களில் மாமா வேறு மனிதர். நாற்காலியில் நேராகச் சாய்ந்து உட்காருவார். சட்டையைக் கழற்றித் தோளில் போட்டுக்கொண்டு நடராஜர் சன்னிதியில் எல்லாருக்கும் முன்னால் போய் நிற்பார். புத்தகம் கொடுத்த பக்கத்து வீட்டுக்காரர் இவர் நெற்றியைப் பார்த்து மனம் நொந்துபோனார். அதனால் எங்கள் வீட்டு விசேஷங்கள் தேர்தலை ஒட்டியே நடந்தன. 2006 சட்டமன்றத் தேர்தலில் கிரகப்பிரவேசம். 2009 பாராளுமன்றத் தேர்தலில் அண்ணன் மகனுக்கு மொட்டையடித்துக் காதுகுத்து. அம்மா ஜோசியரிடம் நாள் கேட்பாள். அப்பா பேப்பரில் தேர்தல் கமிஷன் என்ன சொல்கிறது என்று பார்ப்பார். இரண்டும் ஒத்துப்போனால்தான் எங்களுக்கு முகூர்த்தம்.

என் கல்யாணமும் அப்படித்தான் நிச்சயமானது. மாப்பிள்ளைக்கு அரியாங்குப்பம், புதுச்சேரிக்குள்ளே. கல்யாணம் அவர்கள் ஊர் மண்டபத்தில்தான் என்று சொல்லிவிட்டார்கள். 2011 சித்திரை மாதம். ஓட்டுப்போட்டு முடித்திருப்பார்கள், எண்ணியிருக்க மாட்டார்கள்; துப்பாக்கி ஸ்டேஷனில் தூங்கும். இதைவிடப் பொருத்தமான முகூர்த்தம் உண்டா? எங்கள் பக்கத்தில் பெண் மண்டபத்துக்கு வந்ததும் தாய்மாமன்தான் கைபிடித்து வண்டியிலிருந்து இறக்கி மாலை போட வேண்டும். எனக்கு இருப்பது ஒரே மாமா. சின்ன வயசில் திருவிழாக் கூட்டத்தில் இடத் தோளில் மட்டுமே என்னைச் சுமந்த மாமா.

பத்திரிகை அடித்துக் கொடுக்க ஆரம்பித்த நேரத்தில் மாப்பிள்ளையின் பெரியப்பா காலமாகிவிட்டார். தீட்டு, துக்கம் எல்லாம் போய்க் கல்யாணம் ஆனிக்குத் தள்ளிப்போனது. அவர் நல்ல மனிதர் என்றுதான் எல்லாரும் சொன்னார்கள். எனக்கு அவர் மேல் கோபம்தான் வந்தது, பாவம் எனக்குத்தான். ஓட்டு எண்ணி, முடிவு வந்து, மாமாவின் துப்பாக்கியும் எண்ணெய் போட்டது போலப் பளபளவென்று திரும்பி வந்துவிட்டது.

மாமா கடலூர் கலெக்டர் ஆபீசுக்கு நடையாய் நடந்தார். இரண்டு நாளைக்கு மட்டும் புதுச்சேரிக்குள் துப்பாக்கியோடு போய்வர அனுமதி வேண்டும் என்று மனு. காரணம் என்ன என்று கேட்ட இடத்தில் "அக்காள் மகள் திருமணம்" என்று எழுதியிருக்கிறார். அதைப் படித்த கிளார்க், மாப்பிள்ளை வீட்டார் மேல் ஏதாவது சந்தேகமா என்று விசாரித்திருக்கிறார். இல்லை சார், தங்கமான மனுஷங்க என்று மாமா சொல்ல, அப்புறம் எதுக்குய்யா என்று மனு திரும்பி வந்துவிட்டது. இந்தக் கதை எப்படியோ அரியாங்குப்பம்வரைக்கும் போய், என் வருங்கால மாமியார் போனில் என்னிடமே கேட்டார், உங்க மாமா எங்களுக்கு எதுனா பண்ணிடுவாராம்மா என்று. நாய்க்குப் பயப்படுகிறவர் அத்தை என்று சொன்னேன். நம்பினாரா தெரியவில்லை.

கல்யாணத்துக்கு முந்தின வாரம் மாமா போன் செய்தார்.

"பாப்பா, நான் ரெட்டிச்சாவடி வரைக்கும் வந்துடறேன். வேன அங்க நிறுத்தச் சொல்லு. அங்கயே மாலையப் போட்டு அனுப்பிடறேன்."

"சாராயக் கடை எதுருலயா மாமா?"

"கொஞ்சம் இந்தாண்டயே நின்னுக்கலாம்."

எனக்கு அழுகையாக வந்தது, ஆத்திரமாகவும் வந்தது. நானா அதுவா என்று கேட்டுவிடலாம் என்று வாய்வரைக்கும் வந்தது. கேட்கவில்லை. அதுதான் என்று சொல்லிவிட்டால் நான் என்ன செய்வேன்?

பெண் அழைப்பு அன்று சாயங்காலம் வேன் கிளம்பியது. ரெட்டிச்சாவடியில் நிறுத்தினோம். மாமா இல்லை. டீக்கடை, பஸ் நிறுத்தம், புளியமரத்தடி என்று அண்ணன் இறங்கித் தேடினான். போன் அடித்தால் எடுக்கவில்லை. ஜன்னல் ஓரமாக நான் தலை நிறையப் பூவும் கை நிறைய வளையலுமாக உட்கார்ந்திருந்தேன். பாட்டில் வாங்கப் போகிறவர்கள் எல்லாரும் எட்டிப் பார்த்துவிட்டுப் போனார்கள். கடைசியில் அப்பாதான் சொன்னார், நல்ல நேரம் போகுது, வண்டிய எடுப்பா என்று. அதைச் சொல்லும்போது அவர் கிண்டல் செய்யவில்லை. வண்டி முள்ளோடைக்குள் நுழைந்தபோது நான் முகத்தை மூடிக்கொண்டு அழுதேன். மை எல்லாம் வழிந்துவிட்டது. கடைசியில் அதுதான் என்று தெரிந்துபோயிற்று, இனி அந்த ஆள் முகத்திலேயே விழிக்கக் கூடாது என்று நினைத்தேன்.

மண்டபத்து வாசலில் மேளம் அடிக்க ஆரம்பித்தார்கள். வேன் கதவைத் திறந்தார்கள். மாலையோடு ஒரு கை உள்ளே நீண்டது.

மாமா. சட்டை போடவில்லை. புது வேட்டி, இடுப்பில் துண்டு, நெற்றி நிறைய விபூதி. அந்தத் துண்டுக்கு மேலே, வலப்பக்கம், வெயில் படாத வெளுத்த தோல் ஒரு கையகலத்துக்குத் தெரிந்தது. அவர் உடம்பில் அங்கே மட்டும் வேறு யாரோ போல இருந்தது. மாப்பிள்ளை வீட்டார் அத்தனை பேரும் அந்த இடத்தையேதான் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"சட்டை எங்க மாமா?"

"எல்லாரும் நல்லாப் பாத்துக்கட்டும்னுதான் கழட்டிட்டேன். எறங்கு பாப்பா."

"ரெட்டிச்சாவடில நிக்கிறேன்னு சொன்னியே?"

"நின்னேன். பழக்கத்துல எறங்கிட்டேன். எறங்கின பொறவுதான் நெனப்பு வந்துச்சு, இடுப்புல ஒண்ணுமில்லன்னு. கண்டக்டரு கத்துறதுக்குள்ள திரும்ப ஏறிட்டேன். போனு சட்டைப்பையில கெடக்கு, பாக்கல."

நான் அவர் கையைப் பிடித்துக்கொண்டு இறங்கினேன். மை வழிந்த முகத்தோடு, அத்தனை பேருக்கும் முன்னால், அவர் வலத் தோளில் சாய்ந்து இன்னொரு முறை அழுதேன். அந்தப் பக்கம் நான் சாய்ந்தது அதுதான் முதல் தடவை.

நடந்ததை அப்பாதான் பிறகு விசாரித்துச் சொன்னார். அன்று காலை மாமா ஸ்டேஷனுக்குப் போய்த் துப்பாக்கியையும் தோட்டாக்களையும் மேசைமேல் வைத்திருக்கிறார். தேர்தல்தான் முடிஞ்சிடுச்சே என்று கேட்டிருக்கிறார்கள். எப்போது வந்து எடுத்துக்கொள்வீர்கள் என்றும் கேட்டிருக்கிறார்கள். "எடுக்க வரமாட்டன் சார். தேவையில்லன்னு எழுதிக்கங்க" என்றாராம் மாமா. எந்த ஒரு வரிக்கு அவ்வளவு காலம் பயந்தாரோ, அதை அவரே சொல்லி எழுதவைத்துவிட்டு வந்திருக்கிறார்.

இனிமேல் தனி வீட்டில் ராத்திரி பயமாக இருக்காதா என்று மறுவீட்டு விருந்தில் கேட்டேன். இருக்கும்தான் என்றார். முன்பும் பயமாகத்தான் இருந்தது, அதையும் சேர்த்துக் காப்பாற்ற வேண்டியிருந்தது, இப்போது ஒரு பயம் குறைச்சல் என்றார். நாற்காலியில் மட்டும் இன்றுவரை ஒருக்களித்துத்தான் உட்காருகிறார்.

ஆனால் நான் ஒன்றை யோசிக்கவில்லை. எல்லை திறந்துவிட்டது. ஆடிக்கு வந்தார், சரி. தீபாவளிக்கு வந்தார், முறைதான். பொங்கலுக்குக் கட்டுக் கரும்போடு வந்தார். பிறகு ஞாயிற்றுக்கிழமை என்றால் வந்தார். பஸ் நேரா இங்கயே வருது பாப்பா என்று, யாரோ அவருக்காகவே புதிதாக ரோடு போட்ட மாதிரி ஆச்சரியப்படுவார். சாப்பிட்டுவிட்டுக் கூடத்தின் நடுவில் சட்டையைக் கழற்றிப் போட்டுப் படுத்துத் தூங்குவார். குறட்டை தெருமுனைவரை கேட்கும்.

2012இல் ஒரு ஞாயிற்றுக்கிழமை என் மாமியார் சமையலறைக்கு வந்து, கூடத்தை ஒரு முறை எட்டிப் பார்த்துவிட்டு, என் காதோரம் கேட்டார்.

"ஏம்மா, ஒங்க மாமாவுக்கு அந்தத் துப்பாக்கிய மறுபடியும் குடுக்கவே மாட்டாங்களா?"

என்னால் சிரிப்பை அடக்க முடியவில்லை. தோசைத் திருப்பியைக் கீழே வைத்துவிட்டு, தரமாட்டாங்க அத்தை, தேவையில்லைன்னு எழுதிட்டாங்க என்றேன். பிறகு மாமாவுக்கு இன்னும் இரண்டு தோசைக்கு மாவு ஊற்றினேன்.