வால்ரரின் முதுகு

வீடியோக்கடையில் வேலைக்கு நின்றவர்களுக்குத் தெரியும், சனம் கசற் எடுக்க வருவது பாதி, எங்களோடு சண்டை பிடிக்க வருவது மீதி. தொண்ணூறுகளில் ரொறன்ரோவின் அஜின்கோர்ட் பக்கம் ஒரு தமிழ்க் கடையில் நான் பட்ட பாட்டில் கொஞ்சம் சொல்கிறேன், நீங்களும் பட்டிருப்பீர்கள்.

மட்டையை எறிந்தவர்

கடைக்கு மேல்மாடியில் வால்ரர் என்ற வெள்ளைக்காரர் இருந்தார். முன்பு பேஸ்போல் ஆடியவர். ஓய்வுக்குப் பிறகு, ரொறன்ரோவில் யாராவது விளையாட்டுப் படம் எடுத்தால் நடிகர்களுக்குப் பின்னால் ஓடுவதற்கு அவரைக் கூப்பிடுவார்கள்.

அப்படி ஒரு படத்தை ஒருநாள் எங்கள் ரிவியில் போட்டார். "இதோ நான்" என்று விரலை நீட்டுவதற்குள் திரையில் ஆள் மறைந்துவிட்டார். திருப்பிப் போட்டால், ஒரு முதுகு ஓடுகிறது. கசற் மாற்ற வந்த, கிரிக்கெட் மட்டுமே பார்த்துப் பழகிய அன்ரி ஒருவர் அக்கறையோடு கேட்டா: "உவர் ஏன் தம்பி மட்டையை எறிஞ்சுபோட்டு ஓடுறார்? வீட்டிலை ஏதும் அவசரமோ?"

கண்ணிமைக்கும் நேர முகம்

நான் இங்கிலீசில் சொல்ல வால்ரர் சிரித்தார், ஆனால் மனதில் குறை இருந்தது. தாத்தா பேஸ்போல் ஆடியதை அவருடைய சின்னப் பேத்தி நம்பவில்லை. ஞாயிற்றுக்கிழமை வரப்போகிறாள். முதுகைக் காட்டி யாரை நம்பவைக்கலாம்?

எங்கோ தேடி, தான் ஆடிய காலத்துச் செய்திப்படக் கசற் ஒன்றைப் பிடித்து வந்தார். அதிலும் முதுகுதான். கடைசியில் மட்டும் தூசிக்குள் சறுக்கி விழுகிறார், தொப்பி கழல்கிறது, முகம் திரும்புகிறது, உடனே காட்சி மாறிவிடுகிறது. பாவமாக இருந்தது. கலியாண வீடியோவும் பிடிக்கிற எங்கள் முதலாளி சிவம் அண்ணை கசற்றை வாங்கிக்கொண்டு சொன்னார்: "தாலி கட்டேக்கை தும்மின மாப்பிள்ளையையே வடிவாக் காட்டினனான், உது பெரிய வேலையே?"

பூமழை

சிவம் அண்ணையின் எடிற்றிங் மெசினுக்குக் கலியாணவீட்டு வித்தை மட்டும்தான் தெரியும். முகத்தை அசையாமல் நிறுத்தியது. கூடவே சுற்றிவர ஒரு சிவப்பு இதயம் வந்தது, மேலிருந்து றோசாப்பூ கொட்டியது. பூவை எடுத்தால் முகமும் போனது. வேறு வழியில்லாமல் பூவோடேயே விட்டுவிட்டோம்.

ஞாயிறு வால்ரர் பேத்தியைக் கடைக்கே கூட்டிவந்தார், படத்தைப் போட்டோம். அவள் ரிவிக்குக் கிட்டப் போய், அந்த மூக்கையும் தாத்தாவின் மூக்கையும் மாறிமாறிப் பார்த்தாள். "இது நீங்கள்தான்" என்றாள். பிறகு, "யாரைக் கலியாணம் கட்டுகிறீர்கள்?" என்று கேட்டாள். வால்ரர் கண்ணைத் துடைத்துக்கொண்டு எங்களைப் பார்த்தார்: "அன்றைக்குச் சறுக்கி விழுந்தும் நான் அவுட். அதற்குப் போய் இவ்வளவு பூவா?"

அந்தக் கடை கலியாண வீடியோ பிடித்த இத்தனை வருடத்தில், முகம் வடிவாக வரவில்லை என்று சண்டைக்கு வராத ஒரே மாப்பிள்ளை வால்ரர்தான்.