எல்மர் தலையாட்டிய கச்சேரி

எல்மர் பிரிக்ஸ் பிறந்தது அமெரிக்காவில், ஒரு சோளக்காட்டு ஊரில். தாத்தா சோளம் போட்டார், அப்பா சோளம் போட்டார். இவர் மட்டும் சர்ச் பியானோவைத் தட்டிப் பார்த்துவிட்டு, பாட்டு எழுதிப் பிழைக்கிறேன் என்று கிளம்பினார். படித்தார், பட்டம் வாங்கினார், எழுதவும் எழுதினார். எழுதியதில் குற்றம் இல்லை, நீளத்தில்தான் குற்றம். மனுஷனுக்கு ஆரம்பிக்கத் தெரியும், நிறுத்தத் தெரியாது.

முதல் கச்சேரியில் பாதி ஜனம் எழுந்து போனது. அடுத்ததில் முழு ஜனமும் போனது. அதற்கடுத்ததில் பெற்ற தாயே, அடுப்பில் ஏதோ வைத்துவிட்டு வந்தேன் என்று நழுவினாளாம். ஒரே ஒரு தடவை ஒரு காவல்காரன் கடைசிவரை உட்கார்ந்திருந்தான். தட்டி எழுப்பியபோது அல்லவா தெரிந்தது, அவன் தூங்கிய சங்கதி. கல்யாணமும் ஒன்று நடந்தது. அந்தம்மாவும் பாதியில் எழுந்து போய்விட்டாள்.

அப்புறம்தான் பெங்களூரு வந்தார், கம்ப்யூட்டர் கம்பெனிக்காரர்களின் பிள்ளைகளுக்குப் பியானோ சொல்லித்தர. கொஞ்ச நாள் இருந்துவிட்டுப் போகலாம் என்று வந்தவர், பிரேசர் டவுன் மாடிவீட்டிலேயே தலை நரைத்துப்போனார். சமைத்துப்போட வந்தவள் சந்திரம்மா. தமிழும் அவளிடம்தான் கற்றுக்கொண்டார். அவள் பேச்சில் மரியாதை தேடினால் கிடைக்காது. அதனால் இவர் பேச்சிலும் கிடையாது. வீட்டுக்காரர் ரங்கநாதனைப் பார்த்தால், "இன்னாய்யா, துன்னியா?" என்றுதான் கேட்பார். ரங்கநாதன் ரிட்டையரான பாங்க் மேனேஜர். அமெரிக்காக்காரர் தமிழ் பேசுகிற சந்தோஷத்தில் அதையும் தாங்கிக்கொண்டார்.

வந்த புதிதில் எல்மருக்குக் கழுத்து மரக்கட்டை. பியானோ முன்னால் உட்கார்ந்தால் மட்டும் தாளுக்கு ஒரு தடவை தலை அசையும். தாளைத் திருப்பு என்று பக்கத்தில் நிற்பவருக்குச் சைகை. ஆனால் இந்த ஊர்க் காற்று பட்டால் எந்தக் கழுத்தும் இளகும். ஆட்டோக்காரன் ஆட்டினால் இவரும் ஆட்டுவார், கீரைக்காரி ஆட்டினால் அவளுக்கு இரண்டு பங்காகத் திருப்பி ஆட்டுவார். தான் ஆட்டுவது அவருக்கே தெரியாது.

போன வருஷம் அறுபத்தைந்து முடிந்தபோது, மேஜையைக் குத்தி ஒரு சபதம் போட்டார்.

"சந்திரம்மா, சர்ச் ஹால்ல என் புது பாட்டு வாசிக்கப்போறேன். இந்த வாட்டியும் ஜனம் எந்திரிச்சுப் போச்சுன்னா, பியானோவ வித்துருவேன். அப்புறம் சமையல் கத்துக்கறேன்."

சந்திரம்மா கையிலிருந்த கரண்டியைக் கீழே வைத்தாள். முன்பு ஒரு தடவை பியானோ ரிப்பேருக்குப் போயிருந்தபோது இந்த ஆள் அடுப்பங்கரையில் குடியிருந்தார். அஞ்சறைப்பெட்டிச் சாமானை நிறம் பார்த்து அடுக்கினார். ரசத்தில் சாக்லேட் போட்டார். தன் புருஷன் உயிரோடிருந்த காலத்திலேயே அவனை அடுப்புப் பக்கம் விடாதவள் அவள். இந்த வெள்ளைக்காரரோடு பொழுதெல்லாம் ஒரே அடுப்பா? அதற்கு நெருப்பிலேயே உட்காரலாம்.

"இன்னா சாரு, எம்மா நேரம் வாசிப்ப?"

"ஒன்றரை மணி நேரம். சின்னதுதான்."

"சின்னதா? அதுல ரெண்டு கல்யாணத்துக்குத் தாலி கட்டிரலாம்!"

கச்சேரி நாளும் வந்தது. ஹாலில் ஜனம் இருந்தது. பாட்டுக்காகப் பாதி, வாசலில் வைத்திருந்த காபிக்கும் போண்டாவுக்கும் மீதி. முன்வரிசையில் ரங்கநாதன். மிக்ஸி ஓடினாலும் தொடையில் தாளம் போட்டுத் தலையாட்டும் ரசிகர் அவர்.

தாள் திருப்ப வேண்டிய மாணவி ரக்ஷிதாவைத்தான் காணோம். போன் வந்தது. ஆனேக்கல்லில் வளைகாப்புக்குப் போனவள் திரும்பும் வழியில் டிராபிக்கில் மாட்டிக்கொண்டாளாம். எல்மருக்கு முகம் வெளுத்தது. தான் எழுதியது தனக்கே ஞாபகம் இருக்காத ஆள். தாள் இல்லாவிட்டால் கை ஓடாது. பிளாஸ்கில் சுக்குக் காபியோடு நின்ற சந்திரம்மாவின் கையைப் பிடித்தார்.

"நீ வா. நான் தலை ஆட்டினா தாளத் திருப்பு. அவ்ளோதான்."

"எனக்கு எழுத்தே தெரியாதேய்யா!"

"எழுத்து வாணாம். என் தலையப் பாரு."

ரக்ஷிதாவுக்கு இசைக் குறிப்பு படிக்கத் தெரியும். அவள் தாளைப் பார்த்துத் திருப்புவாள், இவர் தலையைக் கண்டுகொள்ளவே மாட்டாள். அந்த வித்தியாசம் எல்மருக்கு உறைக்கவில்லை. சந்திரம்மா முந்தானையைச் செருகிக்கொண்டு, கொதிக்கிற பாலைப் பார்ப்பதுபோல் அவர் தலையையே பார்த்தபடி நின்றாள்.

வாசிப்பு ஆரம்பமானது. முதல் தாளில் பாதிகூடப் போகவில்லை, ரங்கநாதன் "ஆஹா" என்று தலையாட்டினார். எல்மர் கண்ணோரத்தில் பார்த்தார். வாழ்நாளில் அவருக்குக் கிடைத்த முதல் ஆஹா! பூரித்துப்போய்த் திருப்பி ஆட்டினார். சந்திரம்மா திருப்பினாள். மெதுவாகப் போன பாட்டு நடுத்தெருவில் ஆட்டோ வளைகிற மாதிரி வேறு பக்கம் வளைந்தது. அது பிடித்துப்போய் ரங்கநாதன் இன்னும் பலமாக ஆட்டினார். எல்மரும் ஆட்டினார். அவளும் திருப்பினாள்.

விபரீதம் புரிந்ததும் எல்மர் வேண்டாம் வேண்டாம் என்று தலையை இடமும் வலமும் உதறினார்.

"ஆட்றியே, இரு, இரு, திருப்பறேன்," என்று முணுமுணுத்தபடி எச்சில் தொட்டு மூன்று தாளைச் சேர்த்துத் தள்ளினாள். அவர் உதற உதற அவள் தள்ளினாள். அழுகைப் பகுதி வருமுன் சண்டைப் பகுதி போனது, சண்டை முடியுமுன் தாலாட்டு பறந்தது. கடைசித் தாள். அதில் இருந்ததை வாசிப்பதைத் தவிர வழியில்லை. பத்து விரலையும் போட்டு 'டொம்' என்று அடித்து நிறுத்தினார்.

போண்டாகூட இன்னும் ஆறவில்லை. ஒரு ஆள்கூட எழுந்து போகவில்லை. எழுந்து போக நேரமே இல்லை. ஹால் முழுக்கக் கைதட்டியது. ரங்கநாதன் துள்ளி எழுந்தார்.

"என்ன கச்சிதம்! எல்மர் சார், இன்னொரு தடவை வாசிங்களேன்!"

எல்மரின் கண் பளபளத்தது. அந்தப் பளபளப்பு சந்திரம்மாவுக்குத் தெரியும். இப்போது விட்டால் ஒன்றரை மணி நேரமும் வாசித்து, வந்த ஜனத்தை விரட்டிவிட்டுத்தான் ஓய்வார். தாளையெல்லாம் சுருட்டிக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு பியானோ மூடியைச் சாத்தினாள்.

"ஆயித்து, ஆயித்து! முடிஞ்சுபோச்சு! போய் போண்டா துன்னுங்க!"

மறுநாள் காலையில் அவள் வந்தபோது பியானோ சத்தம் தெருமுனைவரை கேட்டது. அடுப்பங்கரை வைத்தது வைத்தபடி இருந்தது. அவளுக்கு உயிர் வந்தது. காபி கொண்டுபோய் வைத்தாள்.

"சந்திரம்மா, புது பாட்டு எழுதறேன். மூணு மணி நேரம்."

"எழுது சாரு, நல்லா எழுது. ரக்ஷிதாவ மட்டும் கூப்டாத. நானே வந்து திருப்பறேன்."

எல்மர் அவளை உற்றுப் பார்த்தார். பிறகு, தன்னையறியாமல், தலையாட்டினார்.