பத்தொன்பது கட்டை தூரத்தில் ஒரு கிணற்றடி

தொண்ணூற்றிரண்டாம் ஆண்டு வைகாசி மாதம், ஒரு புதன்கிழமை விடிய ஐந்து மணிக்கு மானிப்பாய்ப் பக்கத்திலுள்ள எங்கள் வீட்டிலிருந்து புறப்பட்டேன். கையில் கோரைப்புல்லில் இழைத்த ஒரு பன்பை. அதற்குள் பிள்ளை பெற்றவளுக்கு வறுத்து இடித்த சரக்குத்தூள், ஒரு போத்தல் நல்லெண்ணெய், பழைய வேட்டி கிழித்து மடித்த துணிகள். மந்திகையில் அறை எடுத்திருக்கும் என் மகள் தவமணிக்கு அது எட்டாம் மாதம்.

தவமணி அந்தப் பக்கத்துப் பள்ளிக்கூடத்தில் ரீச்சர். வயது முப்பத்துநாலு. முதல் இரண்டும் வயிற்றில் தங்கவில்லை. இந்த முறை ரத்த அழுத்தமும் சேர்ந்துகொண்டது. வாகனத்தில் குலுங்கக்கூடாது, ஆசுப்பத்திரிக்குக் கிட்டவே இருக்கவேண்டும் என்று டொக்டர் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். பெற்றோல், மண்ணெண்ணெய் இல்லாத காலம். அவசரத்துக்குக் கார் பிடிக்க முடியாது. மருமகன் கொழும்புக்குப் போனவர், சண்டையில் பாதை பூட்டி அங்கேயே நின்றுவிட்டார். அவள் எடுத்த அறையிலிருந்து ஆசுப்பத்திரி கால் கட்டைதான். கட்டை என்று நாங்கள் சொல்வது மைலை. அந்தக் கால் கட்டையை நம்பித்தான் நான் இரண்டு மாதமாக நித்திரை கொண்டேன்.

வரச்சொல்லி எழுதிய கடிதத்தின் கடைசியில் இப்படி இருந்தது: "அம்மா, ஆரும் எவடம் எண்டு கேட்டால் மானிப்பாய்ச் சந்தியடி எண்டு மட்டும் சொல்லுங்கோ. கோயிலின்ரை பேர் சொல்ல வேண்டாம். ஐயாவின்ரை பேரைக் கந்தையா எண்டு சொல்லுங்கோ."

என் கணவரின் பெயர் கந்தன். அவர் பிறந்த காலத்தில் எங்கள் ஆட்களின் பெயருக்குப் பின்னால் 'ஐயா' வரவிடமாட்டார்கள்.

எங்கள் ஊர்ப்பக்கத்தில் சாதியை ஒருவரும் சாதி என்று கேட்பதில்லை. எவடம், அதாவது எந்த இடம் என்று கேட்பார்கள். ஊர்ப்பெயர் சொன்னால் போதாது. ஊருக்குள் எவடம், எந்தக் கோயிலடி, ஆற்றை பிள்ளை, அதாவது யாருடைய பிள்ளை என்று வரும். மூன்றாம் கேள்வியில் ஆளைப் பிடித்துவிடுவார்கள். சிரித்த முகத்தோடுதான் கேட்பார்கள்.

ஐந்து கட்டை நடந்து ஏழு மணிக்கு யாழ்ப்பாணம் பஸ் நிலையத்துக்கு வந்தேன். ஏழேகாலுக்கு ஒரு மினிபஸ் எடுத்தது. மண்ணெண்ணெயில் ஓடுகிற பஸ். புகை உள்ளேதான் வந்தது. கூரைமேல் ஏழெட்டுச் சைக்கிள்கள், வெங்காய மூடைகள். நெல்லியடிக்கு முப்பத்தைந்து ரூபாய்.

"ஆச்சி, உள்ளுக்குப் போணை! வாசலிலை நிண்டால் காத்தோடை போயிடுவாய்" என்று கொண்டக்டர் பொடியன் சத்தம்போட்டான்.

கோப்பாய் தாண்டும்வரை கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றேன். சீற்றில் இருந்த ஒரு மனுசி என்னையே பார்த்துக்கொண்டிருந்தா. காதில் தோடு, மடியில் ஒரு பெட்டி முட்டை.

"எவடம் நீங்கள்?" என்று கேட்டா.

"மானிப்பாய்ச் சந்தியடி."

"சந்தியடியிலை ஆற்றை ஆக்கள்?"

"இவர் கந்தையா."

"ஆர், கந்தையா மாஸ்ரரோ? கச்சேரியடியிலை படிப்பிச்சவர்?"

தலையை ஆட்டிவிட்டேன். மனுசி உடனே முட்டைப்பெட்டியைத் தூக்கி, அரை ஆளுக்கு இடம் விட்டா. "இருங்கோ, இருங்கோ. மாஸ்ரரின்ரை மனுசியை நிக்கவிட்டால் எனக்கெல்லோ பாவம்." இருந்தேன். கால் ஆறியது. காணாத ஒரு மாஸ்ரருக்கு மனைவியாக நீர்வேலி, சிறுப்பிட்டி, புத்தூர், ஆவரங்கால் எல்லாம் கடந்தேன்.

வல்லைவெளியில் மரமில்லை, மறைவில்லை. இரண்டு பக்கமும் உப்புத் தண்ணீர். ஆமியின் ஹெலிகொப்டர் வந்து சுட்டால் ஒதுங்க இடமில்லாதபடியால் றைவர் கண்மண் தெரியாமல் ஓடினார். "பயமெண்டால் கண்ணை மூடுங்கோ, அவனுக்கு நாங்கள் தெரியமாட்டம்" என்றான் கொண்டக்டர். எல்லோரும் சிரித்தார்கள். பாலம் தாண்டித்தான் மூச்சு விட்டோம்.

ஒன்பதரைக்கு நெல்லியடி. அங்கிருந்து நடந்து, பதினொரு மணியளவில் மகள் இருந்த வீட்டுப் படலையைத் திறந்தேன். யாழ்ப்பாணத்திலிருந்து ஏறக்குறையப் பத்தொன்பது கட்டை.

வீட்டுக்காரி இராசம்மா. விதவை. என்னிலும் நாலைந்து வயது குறைவு. பிள்ளைகள் இருவரும் கனடாவில். நல்ல மனுசி என்று மகள் எழுதியிருந்தாள். அது உண்மைதான். "வெய்யிலுக்கை நடந்தே வந்தனீங்கள்? என்ன பிள்ளை, அம்மாவுக்குக் கதிரையை எடுத்துப் போடு" என்று அவவே கதிரையை இழுத்துப் போட்டா. பனங்கட்டி கடித்துக் குடிக்க, மினுக்கிய வெண்கலப் பேணியில் தேத்தண்ணீர் தந்தா. எவடம் என்று கேட்டா. சொன்னேன். மேலே துருவவில்லை. "ரீச்சர் எனக்கும் பிள்ளைதான். நீங்கள் ஒண்டுக்கும் யோசியாதேங்கோ" என்றா. மகள் கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு என்னைப் பார்த்தாள். கால் இரண்டும் வீங்கிக் கிடந்தன.

பின்னேரம் நாலு மணிக்கு மகளுக்கு மேல்கழுவத் தண்ணீர் எடுக்கக் குடத்தோடு கிணற்றடிக்குப் போனேன். நல்ல கட்டுக் கிணறு. கப்பி, கயிறு, வாளி எல்லாம் இருந்தன. பக்கத்தில் ஒரு மாதுளை. தண்ணீர் அங்கே நல்ல தண்ணீர் என்று மகள் சொல்லியிருந்தாள்.

நான் கிணற்றுக் கட்டிலிருந்து இரண்டு பாகம், இரண்டு ஆள் நீளம் தள்ளிக் குடத்தை நிலத்தில் வைத்துவிட்டு நின்றேன்.

ஏன் நின்றேன் என்று இப்போதும் எனக்கு விளங்கவில்லை. எங்கள் பக்கத்தில் சொந்தமாய்க் கிணறு வெட்டி முப்பது வருசத்துக்கு மேலாகிறது. அதற்கு முன்தான் அப்படி நிற்போம். சின்ன வயதில், வெயில் ஏறுமட்டும், கிணற்றுக்காரர் ஆராவது வந்து அள்ளி ஊற்றட்டும் என்று வரிசையாய்க் குடத்தோடு நிற்போம். கயிற்றைத் தொடக்கூடாது. என் வாய்க்கு மகள் எல்லாம் சொல்லிவிட்டிருந்தாள். காலுக்கு ஒருவரும் சொல்லவில்லை.

இராசம்மா உடுப்புத் தோய்க்க வந்தா. என்னைக் கண்டா. வாளியை விட்டு அள்ளி, வாளி குடத்தில் முட்டாமல், இடுப்பளவு உயரத்தில் பிடித்து ஊற்றினா. நான் குனிந்து, ஒரு கையால் சேலைத் தலைப்பை ஒதுக்கிக்கொண்டு பின்னால் தள்ளி நின்றேன். குடம் அரைவாசி நிறைந்தபோது தண்ணீர் நின்றது.

நான் நிமிர்ந்தேன். அவவும் தன் கையையே பார்த்துக்கொண்டிருந்தா. என் கால் எப்படி மறக்கவில்லையோ, அப்படியே அவவின் கையும் மறக்கவில்லை. வாளியை மெல்லக் கிணற்றுக் கட்டின்மேல் வைத்துவிட்டு உள்ளே போய்விட்டா.

அன்று விளக்கு வைக்கிற நேரத்துத் தேத்தண்ணீர் வரவில்லை.

மறுநாள் வியாழன் காலை ஏழு மணிக்கு இயந்திரச் சத்தம். தோட்டத்து மெசினைக் கொண்டுவந்து கிணற்றை அடிமட்டும் இறைத்து வெளியே ஊற்றிக்கொண்டிருந்தார்கள். மண்ணெண்ணெய் போத்தல் நூற்றைம்பது ரூபாய் விற்றது. விளக்கு எரிக்கவே சொட்டுச் சொட்டாய்ப் பாவித்த காலத்தில் இரண்டு போத்தல் அந்தக் கிணற்றில் எரிந்தது. மகள் அந்தக் கிணற்றில் இரண்டு மாதமாய் அள்ளியிருக்கிறாள். அவள் யன்னலால் பார்த்துவிட்டு என் பக்கம் திரும்பினாள்.

"என்னம்மா செய்தனீங்கள்?"

"ஒண்டும் செய்யேல்லை, பிள்ளை. நிண்டனான்."

பத்து மணிக்கு இராசம்மா அறை வாசலுக்கு வந்தா. உள்ளே வரவில்லை. முகம் வாடியிருந்தது. "ரீச்சர், ஒண்டும் நினையாதையும். தங்கச்சி குடும்பம் இடம்பெயர்ந்து வருகினமாம். அறை தேவைப்படும். ஞாயிற்றுக்கிழமைக்கு முன்னம் எங்கையேன் பார்த்தால் நல்லம்."

"அக்கா, இந்த நிலைமையிலை நான் எங்கை போறது?"

"எனக்கு மட்டும் விருப்பமே, பிள்ளை? அக்கம்பக்கம் எண்டும் ஒண்டு இருக்கெல்லோ." சொல்லும்போது கண் கலங்கியது. நடிப்பில்லை.

அவ போனபிறகு மகள் கட்டிலில் சரிந்து இருந்தாள். கிட்டிய சொந்தம் பத்தொன்பது கட்டைக்கு அப்பால். அந்தப் பாதை, அந்தப் பஸ், அந்த வெளி. அவள் அழவில்லை. வயிற்றைக் கையால் பொத்திக்கொண்டு சுவரைப் பார்த்தாள். இரண்டு தரம் அப்படிச் சுவரைப் பார்த்து இருந்தவள். மூன்றாம் தரம் பார்க்க எனக்குத் தெம்பில்லை.

நான் ஆட்களோடு கதைக்கிற ஆளில்லை. சங்கக் கடை வரிசையில்கூடப் பின்னால்தான் நிற்பேன். ஆனாலும் மத்தியானம் பன்னிரண்டு மணிக்குக் குசினி வாசலுக்குப் போய், படிக்குக் கீழே நின்றேன்.

"நாச்சியார்" என்று கூப்பிட்டேன். பெரிய வீட்டுப் பெண்களை எங்கள் ஆட்கள் கூப்பிடுகிற சொல், முப்பது வருசம் வாயில் வராத சொல். தடையில்லாமல் வந்தது.

இராசம்மா அகப்பையோடு திரும்பினா.

"நான் ரீச்சரைப் பெத்த தாயில்லை. அவையின்ரை வீட்டிலை வேலைக்கு நிண்டனான். தாய் பிள்ளைப்பேத்தோடை செத்துப்போச்சு. நான்தான் தூக்கி வளத்தனான். அந்தப் பழக்கத்திலை அம்மா எண்டு கூப்பிடும். பிள்ளை என்னைக் குறைச்சுச் சொல்ல மனமில்லாமல் உங்களிட்டைச் சொல்லேல்லை."

அகப்பையைச் சட்டிக்குள் வைத்தா. பிறகு அவவின் முகம் விடிந்தது. மழை விட்டதுபோல விடிந்தது.

"எடி! அதை நேற்றே சொல்லியிருக்கக் கூடாதே? நானும் பாத்தன், ரீச்சரின்ரை முகவெட்டென்ன, உன்ரை முகமென்ன. சாடையும் இல்லையே!"

தவமணி என்னை உரித்துவைத்த மாதிரி என்று ஊரில் எல்லோரும் சொல்வார்கள்.

"பாவம், தாயில்லாப் பிள்ளையே அது" என்று சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்தா. "நீ பின்னாலை கொட்டிலுக்கை படு. தண்ணி வேணுமெண்டால் என்னைக் கூப்பிடு, அள்ளித் தாறன்." நேற்று வாங்கோ, இருங்கோ. இன்று நீ, படு. அவவுக்கு அதில் பகை ஒன்றுமில்லை. உலகம் பழையபடி ஒழுங்காய் வந்துவிட்டது என்ற ஆறுதல்தான். தங்கச்சி குடும்பம் பிறகு வரவேயில்லை.

அறை யன்னல் குசினிப் பக்கம்தான். மகள் எல்லாவற்றையும் கேட்டிருந்தாள். வெளியே வரவில்லை. நான் போனபோது மெல்லிய குரலில், "நான் வந்து சொல்லியிருக்க வேணும், அம்மா" என்றாள்.

"சொல்லிப்போட்டு எங்கை போறது? காலை நீட்டு, எண்ணெய் பூசுறன்."

ஆனி பதினைந்துக்குள் வலி கண்டது. மாட்டுவண்டிலில் கால் கட்டை. துணைக்கு ஒரு பெண்தான் உள்ளே நிற்கலாம் என்றார்கள். "தாயில்லாதது, நான் நிக்கிறன்" என்று இராசம்மா முந்திக்கொண்டு போனா. நான் வெளியே வேப்பமரத்தின் கீழ் இருந்தேன். பகல் இரண்டேகாலுக்குப் பெண் பிள்ளை. இரண்டு உயிரும் சுகம். உள்ளே ஏழு மணித்தியாலம் மகளின் கையை விடாமல் பிடித்திருந்தது அந்த மனுசிதான். அதை மறைத்து எழுத எனக்கு நியாயமில்லை. பிள்ளையை முதலில் தூக்கியதும் அவதான்.

முப்பத்தோராம் நாள் துடக்கு, பேற்றுத் தீட்டு கழியுமட்டும் கொட்டிலில் இருந்தேன். வெறும் பால்மா ரின்னில் எனக்குத் தேத்தண்ணீர். சரக்குக்கறிக்கு நான் அரைத்துக் கொடுப்பேன், இராசம்மா சமைப்பா. பிள்ளையைக் குளிக்கவார்த்துத் துடைத்துக் கொடுத்துவிடுவேன். மற்ற நேரம் கை வைக்க ஒரு காரணம் தேடவேண்டும். மகள் அந்த நாட்களில் எனக்கு நீ என்றும் சொல்லவில்லை, நீங்கள் என்றும் சொல்லவில்லை. "தண்ணி சுட்டிட்டுதோ", "துணி காஞ்சுதோ" என்று ஆளில்லாத மாதிரிக் கேட்பாள். அப்படி ஒளித்து ஒளித்துப் பேசுவது எவ்வளவு களைப்பு என்று அவளின் முகத்தில் தெரிந்தது.

ஆடியில் ஒரு திங்கள், காலை ஆறு மணிக்குப் புறப்பட்டேன். மகள் பிள்ளையோடு படலைவரை வந்தாள். பின்னால் இராசம்மா நின்றா. மகள் வாயைத் திறந்தாள், திரும்பிப் பார்த்தாள்.

"கவனமாய்ப் போயிட்டு வா" என்றாள்.

"ஓம், ரீச்சர்."

அன்று பஸ் ஓடவில்லை. நெல்லியடியிலிருந்து உழவு இயந்திரப் பெட்டியில் ஏறினேன். கோப்பாய்வரை நாற்பது ரூபாய். பெட்டிக்குள் பத்துப் பன்னிரண்டு பேர், புகையிலைச் சிப்பங்கள். என் முன்னால் ஒரு இளம் பெண் கைக்குழந்தையோடு இருந்தாள். குலுக்கலில் குழந்தை வீரிட்டது. நான் கை நீட்டினேன். யோசிக்காமல் தந்துவிட்டாள். தோளில் போட்டுத் தட்டினேன். அடங்கிவிட்டது.

எனக்கு இராசம்மாமேல் கோபம் வருமோ என்று பார்த்தேன். வரவில்லை. வந்திருந்தால் கொஞ்சம் இளைப்பாறியிருப்பேன். ஒருவரும் என்னை அடிக்கவில்லை, ஏசவில்லை, ஓடு என்று துரத்தவில்லை. நானாய் நின்றேன். அவவாய் ஊற்றினா. நானாய்ப் படிக்குக் கீழே போனேன். மகளும் வெளியில் வராமல் இருந்தாள். நாலு நல்ல சொல்லுக்கு நடுவில், எல்லோருமாய்ச் சேர்ந்து அதை ஒழுங்காய் நடத்தி முடித்தோம். இன்னொரு தரம் வந்தாலும் அப்படித்தான் செய்வேன். என் பிள்ளையும் அவளின் பிள்ளையும் உயிரோடு இருக்கிறார்கள்.

வல்லைப் பாலம் தாண்டியது. வடமராட்சி பின்னால் போய்விட்டது. இனி என்னைத் தெரிந்தவரோ, நான் யாரென்று தெரியக்கூடாதவரோ ஒருவருமில்லை.

"நல்ல கைப்பழக்கமாயிருக்கு, ஆச்சி" என்றாள் அந்தப் பெண். "உங்களுக்கு எத்தினை பேரப்பிள்ளையள்?"

"ஒண்டும் இல்லை, மோனை" என்றேன்.

சொன்ன பிறகுதான் எனக்கே கேட்டது. திருத்தலாம் என்று வாயெடுத்தேன். அதற்குள் அவள் இரக்கத்தோடு தலையை ஆட்டி, "கடவுள் தருவார், ஆச்சி" என்றாள்.

"ஓம்" என்று குழந்தையைத் திருப்பிக் கொடுத்தேன்.