எலுமிச்சம்பழம் நசுங்காத வண்டி

பாலிடெக்னிக்கில் படித்துக்கொண்டிருந்த பெரியப்பா மகன் லீவுக்கு அரியலூரிலிருந்து வந்தால் எனக்குக் கொண்டாட்டமாக இருக்கும். நான் மூன்றாம் வகுப்பு முடித்த கோடையில் மட்டும் அவனைக் கண்டாலே வயிறு எரிந்தது. காரணம் அப்பா. சிறுவாச்சூரில் ரோட்டோரம் எங்கள் வெல்டிங் பட்டறை இருந்தது. நான் எட்டிப் பார்த்தாலே, "கண்ணு கெட்டுடும், வூட்டுக்குப் போ" என்று விரட்டுகிறவர், அண்ணன் கையில் கறுப்புக் கண்ணாடியையே கொடுத்துவிட்டார்.

இருவரும் சேர்ந்து ஒரு குட்டிக் கார் செய்தார்கள். சோளக்காட்டில் களை வெட்டி ஓய்ந்துபோன மெஷினின் எஞ்சின், சைக்கிள் செயின், பழைய தள்ளுவண்டிச் சக்கரங்கள். சீட்டுக்கு என்னுடைய சிவப்பு பிளாஸ்டிக் நாற்காலி. என்னை ஒரு வார்த்தை கேட்காமல் அதன் கால்களை அறுத்துவிட்டார்கள். அழுதுகொண்டு போய் நின்றேன். அண்ணன் என்னை அதிலேயே உட்கார வைத்து, இடுப்பிலிருந்து குதிகால் வரை டேப் பிடித்து, "இவ்ளோதானா நீ" என்றான். குள்ளச்சி என்று கிண்டல் செய்கிறான் என நினைத்தேன்.

நேராக அம்மன் கோயிலுக்குப் போய், அந்த வண்டி ஓடவே கூடாது என்று வேண்டிக்கொண்டேன். திங்களும் வெள்ளியும்தான் அங்கே நடை திறக்கும். நான் போனது புதன்கிழமை. பூட்டிய கதவுக்கு உள்ளேயும் காது கேட்கும் என்று நம்பினேன்.

வெள்ளிக்கிழமை பட்டறை வாசலில் பூசை. லாரிக்குச் செய்வதுபோலவே அம்மா சந்தனம், குங்குமம் வைத்து, முன்சக்கரங்களுக்கு முன்னால் எலுமிச்சம்பழங்களை வைத்தாள்.

"பாப்பா மொதல்ல ஒக்காரட்டும்" என்றார் அப்பா.

"அண்ணன் வண்டிதானே, அவனே ஓட்டட்டும்" என்றேன்.

அண்ணன் அப்பாவைப் பார்த்தான். பிறகு தன் நெட்டை உடம்பை மடக்கி என் நாற்காலிக்குள் திணித்துக்கொண்டான். முழங்கால்கள் காது வரை வந்தன. அப்பா கயிற்றைச் சுண்டி இழுக்க, எஞ்சின் அலறியது. வண்டி ஒரே பாய்ச்சலாகப் பின்னால் போய், சாத்தி வைத்திருந்த கேட்டில் மோதி நின்றது. எலுமிச்சம்பழங்கள் வைத்தது வைத்தபடி கிடந்தன.

"அம்மன் இன்னும் உத்தரவு குடுக்கல போலருக்குங்க" என்றாள் அம்மா.

"எஞ்சினத் திருப்பி மாட்டிட்டோம்டி. உத்தரவாம் உத்தரவு."

நான் வயிறு வலிக்கச் சிரித்தேன். நடை சாத்திய நாளில் வேண்டியதால் பாதிதான் பலித்தது என்று எனக்குள் கணக்குப் போட்டுக்கொண்டேன்.

மாலைக்குள் எஞ்சினைச் சரியாக மாட்டிவிட்டார்கள். பழங்களும் நசுங்கின. "இப்பவாச்சும் ஏறு" என்று அண்ணன் கெஞ்சினான். உன் ஓட்டை வண்டி யாருக்கு வேணும் என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டேன்.

லீவு முடிந்து ஊருக்குப் போகும்போது அவன் வண்டியைப் பட்டறையிலேயே விட்டுவிட்டுப் போனான். பஸ்ஸில் ஏற்ற முடியவில்லை, நன்றாக வேண்டும் என்று உள்ளூரச் சந்தோஷப்பட்டேன். என் நாற்காலி, என் காலுக்கு அளந்து வைத்த பிரேக், அவன் காதைத் தொட்ட முழங்கால் எல்லாம் என் கண்ணெதிரேதான் இருந்தன. என்னுடைய வண்டி ஓடக்கூடாது என்றுதான் அம்மனிடம் கேட்டுவிட்டு வந்திருக்கிறேன் என்பது மட்டும் எனக்கு அப்போது உறைக்கவே இல்லை.