பாறைத் தரிசு

அடி அண்ணாமலை கிராமத்து ஆராயிக்குப் பிடிவாதம் ஜாஸ்தி. இல்லாவிட்டால், கல்லாங்காடு என்று ஊரே ஒதுக்கிய இரண்டு ஏக்கரை எழுபத்திரண்டாம் வருஷம் வாங்கியிருப்பாளா? அவளும் புருஷன் முருகையனும் ஏழு வருஷம் அங்கே கிணறு வெட்டினார்கள். வெடிக்குக் காசில்லாத மாதங்களில் உளியும் சம்மட்டியும்தான். நாற்பத்தோராவது அடியில் தண்ணீர் வந்தது. முருகையன் அந்தத் தண்ணீரில் விளைந்த நெல்லை இரண்டே போகம் பார்த்துவிட்டுக் கண்ணை மூடினான்.

எண்பத்து நான்கில் மகள் தனத்துக்கு அதில் ஒரு ஏக்கரை எழுதி வைக்கலாமென்று பத்திர எழுத்தர் ஆதிமூலத்திடம் போனாள். இன்ன நிலத்துக்கு இன்ன விலை என்று அரசாங்கம் சர்வே நம்பர் வாரியாக ஒரு வழிகாட்டி மதிப்பு போட்டு வைத்திருக்கும். முத்திரைத்தாள் செலவு அதைப் பொறுத்தது. ஆதிமூலம் பார்த்துவிட்டு, செலவு ரொம்பக் கம்மி என்று சந்தோஷமாகப் பத்திரத்தை வாசித்தார். ‘பாறைத் தரிசு’ என்ற இடத்தில் ஆராயி நிறுத்தச் சொன்னாள்.

பழைய கணக்கில் அப்படித்தான் இருக்கிறது, விலையும் அதை வைத்துத்தான் போட்டிருக்கிறார்கள், மாற்றினால் மூன்று பங்கு செலவாகும் என்று அவர் பொறுமையாக விளக்கினார்.

“ஆவட்டுங்க. பாறையவா எம்பொண்ணுக்கு எழுதிக் குடுக்கறேன்? மாத்தாம நான் கை வெக்க மாட்டேன்” என்றாள்.

மதிப்பைக் குறைக்கச் சொல்லி மனு போடுகிறவர்கள் ஆயிரம் பேர். கூட்டச் சொல்லிப் போட்டவள் இவள் ஒருத்திதான். ஊரில் சிரித்தார்கள், பைத்தியம் என்றார்கள். சிரித்தவர்களில் பாதிப் பேர் அவள் கிணற்றில் குடம் நிரப்புகிறவர்கள்.

ஐந்து மாதம் அலுவலகத்துக்கு நடந்த பிறகு ஒரு அதிகாரி நிலத்தைப் பார்க்க வந்தார். ஆராயி நேரே போய் மோட்டாரைப் போட்டாள். வாய்க்காலில் பாய்ந்த தண்ணீர் அவருடைய செருப்பை நனைத்தது. அவர் அங்கேயே நின்று குறிப்பெழுதினார்.

மதிப்பு ஏறியது. கூடுதல் முத்திரைத்தாளுக்காகக் கறவை மாட்டை விற்றாள். தனம் அழுதாள். மாடு இன்னொன்று வாங்கிக்கொள்ளலாம் என்று அவளை அடக்கிவிட்டு ஆராயி பதிவு அலுவலகத்துக்குப் புறப்பட்டாள்.

சார்பதிவாளர் பத்திரத்தை வாசித்தார். ‘கிணற்றுப் பாசன நஞ்சை’ என்று வந்ததும், “அத இன்னொரு தபா படிங்க” என்றாள். பின்னால் நின்றவர்கள் முணுமுணுத்தார்கள். அவர் படித்தார்.

பிறகு இடது கட்டைவிரலை மையில் தோய்த்துப் பதிவேட்டில் அழுத்தினார்கள். வெறும் கறுப்பு வட்டம்தான் விழுந்தது. துடைத்து மறுபடி அழுத்தினார்கள். அப்போதும் அதேதான்.

“என்னம்மா இது, ரேகையே விழலியே?” என்றார் அவர்.

ஆராயி விரலைத் திருப்பிப் பார்த்தாள். கல்லாக வழவழத்துக் கிடந்தது.

“அது அந்தக் கெணத்துலயே தேஞ்சிடுச்சிங்க” என்றாள்.