ஒன்றரை இஞ்ச் குறைத்த ஜாக்கெட்

லோயிஸ் அக்கா பால் பாக்கெட்டைக் கையில் வாங்கினால் முதலில் தேதியைப் பார்ப்பார், பிறகு முகர்ந்து பார்ப்பார், கடைசியாகப் பால்காரரின் முகத்தைப் பார்ப்பார். மூன்றும் சரியாக இருந்தால்தான் பால் வீட்டுக்குள் போகும். பதினெட்டு வருடமாக அருவங்காட்டில் அவருக்கு அடுத்த வீட்டில் இருக்கிறேன். ஒரு நாள்கூட இதில் அவர் தவறியதில்லை. அவர் கணவர் பவுல்ராஜ் அண்ணனுக்குக் குந்தா மின்நிலையத்தில் வேலை. வாரக் கடைசியில் வந்து செருப்பைக் கழற்றுவதற்குள் விசாரணை ஆரம்பமாகிவிடும். "அங்க மழைன்னீங்க, குடை காஞ்சிருக்குது?" அண்ணன் நேராக எங்கள் வீட்டுக்கு வந்து, என் கணவர் நெல்சனோடு உட்கார்ந்து டீ குடிப்பார்.

இப்படிப்பட்டவர் முப்பது வருடமாகக் குன்னூரில் எங்கள் சபையின் பாடகர் குழுவில் ஆல்ட்டோ என்கிற கீழ்க்குரல் பாடுகிறார் என்பதுதான் ஆச்சரியம். பாட்டு என்றால் பக்கத்தில் நிற்பவரை நம்பித்தானே பாட வேண்டும்? அக்காவின் குரல் அடியிலிருந்து வரும், அடுப்புச் சூடு மாதிரி மெல்லப் பரவும். கிறிஸ்துமஸ் நிகழ்ச்சியின் முதல் பாட்டில் முதல் நான்கு வரியை அவர் தனியாகப் பாடுவார். அதற்குப் பிறகுதான் நாங்கள் பதினொரு பேரும் சேர்ந்துகொள்வோம். அந்த நான்கு வரிதான் அவருக்கு எல்லாமே. தொழிற்சாலை அலுவலகத்தில் கோப்பு பார்க்கும் வேலை, மாத்திரை, மூட்டுவலி எல்லாவற்றுக்கும் நடுவில் டிசம்பர் மாதம் ஒன்று இருக்கிறது என்று வாழ்ந்தவர் அவர்.

அவர் சந்தேகத்துக்கும் ஒரு காரணம் உண்டு. இருபத்தாறு வயதில் ஒருமுறை ஒத்திகை நான்கு மணிக்கு என்று யாரோ சொல்ல, அவர் நான்கு மணிக்குப் போயிருக்கிறார். ஒத்திகை மூன்று மணிக்கே முடிந்து, அவருடைய வரிகளை வேறொருத்தி பாடிப் பழகிவிட்டாள். அந்த வருடம் முழுக்கப் பின்வரிசைதான். அன்றிலிருந்து யார் மணி சொன்னாலும் இரண்டு பேரிடம் கேட்டுக்கொள்வார்.

போன வருடம் எங்கள் குழுவை நடத்த ஆன்சி வந்தாள். லவ்டேல் பக்கத்தில் ஒரு பள்ளியில் இசை டீச்சர், முப்பது வயதுதான் இருக்கும். இந்த முறை கோயமுத்தூரில் ஒரு அரங்கில் பாட அழைப்பு வந்திருக்கிறது என்று அவள் சொன்னபோது எல்லோரும் கைதட்டினோம். அடுத்து அவள் சொன்னதில்தான் வினை ஆரம்பித்தது.

"நம்ம பழைய வெள்ளைப் பாலியெஸ்டர் புடவை வேண்டாமுங்க. அதுமேல ஸ்வெட்டர் போட்டு நின்னா, போட்டோல நம்மள நாமளே கண்டுபிடிக்க முடியலை."

அது உண்மைதான். இருபது வருடமாக மேடையில் நாங்கள் கோஸ் மூட்டைகள் அடுக்கி வைத்த மாதிரிதான் நின்றோம். இருந்தாலும் நேற்று வந்தவள் சொல்லலாமா?

மூன்று ஞாயிற்றுக்கிழமை இதே பேச்சு. எங்களில் இளையவளான ரேச்சல் தரை தொடும் கவுன் வேண்டும் என்றாள். குழுவில் மூத்தவரான அருக்காணி அம்மாளின் மருமகள் பட்டு என்றாள். ஆன்சி நான்கு விதமான துணியைக் கொண்டுவந்து, ஒவ்வொன்றையும் ஒருத்தியைக் கட்டவைத்து, நிற்க, உட்கார, கையைத் தூக்க, நீளமான ஒரு வரியை ஒரே மூச்சில் பாடச் சொன்னாள். பட்டு இடுப்பில் விறைத்தது. கவுன் படியில் தடுக்கியது. கடைசியில் கரும்பச்சை நிறத்தில், ஒரு விரல் அகலக் கரை போட்ட மெல்லிய பருத்திப் புடவை ஜெயித்தது. முழங்கை வரை கை வைத்த ஜாக்கெட், தொண்டையை இறுக்காத கழுத்து, குதிகால் இல்லாத செருப்பு. இரண்டு மணி நேரம் நின்றாலும் கால் வலிக்காது, பார்க்கவும் லட்சணமாக இருக்கும் என்றாள். நான் கண்ணாடியில் பார்த்தேன். ஐந்து வயது குறைந்திருந்தது. அதை அவளிடம் சொல்லவில்லை.

திரும்பி வரும் வழியில் லோயிஸ் அக்கா என் கையைப் பிடித்து நிறுத்தினார்.

"ஏன் ஈவ்லின், கை எதுக்கு முழங்கை வரைக்கும்?"

"கோயமுத்தூர்ல சூடுங்க்கா."

"டிசம்பர்ல என்ன சூடு? நமக்குச் சளி புடிக்கோணும், இருமோணும், அதுதான் டீச்சர் கணக்கு. அப்புறம் அந்த நாலு வரியை ரேச்சல் பாடுவா. போன வாரம் நான் லீவு போட்டன்னிக்கு அவளைத்தானே பாடச் சொன்னாளாம்?"

சொன்னாள்தான், நானே கேட்டேன். நீங்கள் வராததால்தான் பாடச் சொன்னாள் என்று அக்காவுக்கு எடுத்துச் சொல்லியிருக்கலாம். ஆனால் அந்த வாரம்தான் நான் உயரம் என்று சொல்லி ஆன்சி என்னை முன்வரிசையிலிருந்து பின்வரிசைக்கு மாற்றியிருந்தாள். எனக்கும் உள்ளே புகைந்துகொண்டிருந்தது. "எனக்கும் என்னமோ சரியாப் படலைங்க்கா" என்றேன்.

ஜாக்கெட் தைக்க மேல் பஜாரில் டெய்லர் கந்தப்பன். எல்லோரும் ஒரே மாலையில் போய் அளவு கொடுத்தோம். நவம்பர் குளிரில் லோயிஸ் அக்கா மட்டும் நடுங்கிக்கொண்டே நின்றார். காய்ச்சலா என்று கேட்டேன். "உன் வேலையைப் பாரு" என்றார்.

சனிக்கிழமை நிகழ்ச்சி. புதன்கிழமை ஜாக்கெட் வந்தது. எனக்கு வார்த்து வைத்த மாதிரி இருந்தது. பத்து நிமிடத்தில் பக்கத்து வீட்டிலிருந்து அக்கா கூப்பிட்டார். போய்ப் பார்த்தால் கண்ணாடி முன்னால் நிற்கிறார், மேல் இரண்டு ஹூக் மாட்டவில்லை, முகம் சிவந்திருக்கிறது. பாட்டை எடுத்தார். இரண்டாவது வரியிலேயே மூச்சு நின்றுவிட்டது.

அப்போதே கிளம்பிக் கந்தப்பனிடம் போனோம்.

"டீச்சர்தானுங்க ஒன்றரை இஞ்ச் குறைச்சுத் தைக்கச் சொன்னாங்க" என்றார் அவர். "கொண்டாங்க, பிரிச்சுத் தரேன். உள்ள ரெண்டு தையல் போட்டிருக்கேன், அஞ்சு நிமிசம்."

அக்கா ஜாக்கெட்டைப் பிடுங்கிப் பைக்குள் வைத்துக்கொண்டார். "வேண்டாமுங்க. இது இப்படியே இருக்கட்டும். இதுதான் சாட்சி."

அன்று சாயங்காலம் போதகருக்கு ஒரு கடிதம் எழுதினார். தன்னை மேடையில் பாடவிடாமல் செய்ய ஆன்சி டெய்லரோடு பேசி ஜாக்கெட்டைக் குறைத்துவிட்டாள் என்று முக்கால் பக்கம். கீழே கையெழுத்துப் போட்டு என்னிடம் நீட்டினார். நான் கையெழுத்து மட்டும் போட்டிருந்தால் இன்று இதை எழுதிக்கொண்டிருக்க மாட்டேன். பேனாவை வாங்கி, என் கையெழுத்துக்கு மேலே ஒரு வரி சேர்த்தேன்: 'வந்த நாள் முதல் மூத்தவர்களை அவமானப்படுத்துவதே இவர் வேலை.' அக்கா படித்துவிட்டு, "இது கொஞ்சம் அதிகம்" என்றார். அவருக்கே அதிகமாகப் பட்டது. நான் அடிக்கவில்லை.

வியாழன் காலை கடிதம் போதகர் கைக்குப் போனது. பதில் இல்லை. "அவரும் அந்தக் கட்சிதான்" என்றார் அக்கா.

சனிக்கிழமை மதியம் வேனில் மலை இறங்கினோம். பர்லியார் தாண்டியதும் மலைக்காரர்கள் வழக்கப்படி எல்லோரும் ஸ்வெட்டரைக் கழற்றி மடியில் வைத்தோம். அக்கா மட்டும் கழுத்து வரை பட்டன் போட்டு வியர்த்து ஒழுகிக்கொண்டு வந்தார். அரங்கத்துக்குப் பின்னால் இருந்த அறையில் நாங்கள் புடவை கட்டி முடித்தபோது மேடையேற அரை மணி நேரம் இருந்தது. அக்கா நடு அறையில் வந்து நின்று ஸ்வெட்டரைத் திறந்து காட்டினார். ஹூக் மாட்டாத ஜாக்கெட் எல்லோருக்கும் தெரிந்தது.

"டீச்சர், இதை ஒன்றரை இஞ்ச் குறைக்கச் சொன்னது நீங்கதானுங்களே?"

"ஆமாங்க்கா" என்றாள் ஆன்சி.

மாட்டினாள் என்று நான் நினைத்தேன். சந்தோஷமாகக்கூட இருந்தது.

"எல்லார்த்துதும்தானுங்க குறைக்கச் சொன்னேன். அன்னிக்கு எல்லாரும் குளிருக்கு உள்ள தெர்மல் பனியன் போட்டுட்டு அளவு குடுத்தீங்க. இங்க அது இல்லாம நிக்கப் போறோம். குறைக்காட்டித் தொளதொளன்னு தொங்குமுங்களே."

ஒவ்வொருத்தியும் தன் ஜாக்கெட்டைத் தொட்டுப் பார்த்தோம். எல்லோருக்கும் சரியாக இருந்தது. ஆன்சி அக்காவின் தோளைப் பார்த்தாள். "நீங்க தெர்மல் போட்டிருந்தீங்கதானுங்களே?"

அக்கா தரையைப் பார்த்தார். "இல்லைங்க. தெர்மல் மேல அளவெடுத்தா டெய்லர் சரியாத் தைப்பாருன்னு எனக்கு நம்பிக்கையில்லை. சரியான அளவு குடுக்கலாம்னு கழட்டி வெச்சுட்டுப் போனேன். யாருகிட்டயும் சொல்லலை."

யாராவது சிரித்திருந்தால் தேவலை. ஒருவரும் சிரிக்கவில்லை. ஆன்சி தன் பையிலிருந்து சின்னக் கத்தரிக்கோலை எடுத்தாள். அக்கா மறைவில் போய் ஜாக்கெட்டைக் கழற்றிக் கொடுத்து, ஸ்வெட்டரை இழுத்துப் போர்த்திக்கொண்டு நாற்காலியில் உட்கார்ந்தார். ஆன்சி பக்கத்தில் உட்கார்ந்து உள்தையலைப் பிரிக்க ஆரம்பித்தாள்.

"டீச்சர்" என்றார் அக்கா. "போதகர்கிட்ட ஒரு கடுதாசி குடுத்திருக்கேன்."

"நேத்தே எங்கிட்டக் குடுத்துட்டாருங்க. படிச்சேன்."

"படிச்சுமா எம்பேரை நிகழ்ச்சி அட்டையில அப்படியே வெச்சிருக்கீங்க?"

"அந்த நாலு வரியை வேற யாருங்க பாடறது?" என்றாள், நூலை இழுத்துக்கொண்டே.

அக்கா அழுதுவிட்டார். பதினெட்டு வருடத்தில் அவர் அழுது நான் பார்த்தது அன்றுதான். கண்ணைத் துடைத்துக்கொண்டு எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னார்: "நான் பண்ணினது தப்புங்க. அதுல எழுதினது பூராவும் என்னோடது. ஈவ்லின் பாவம், நான் காட்டின எடத்துல கையெழுத்துப் போட்டா, அவ்வளவுதான். அவளை ஒண்ணும் நினைச்சுக்காதீங்க."

ஆன்சியின் கை நின்றது. நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். அந்தக் கடிதத்தில் இரண்டு விதமான எழுத்து இருந்தது. தினமும் நாற்பது பிள்ளைகளின் நோட்டைத் திருத்துகிறவளுக்கு அது தெரியாமலா போகும்? நான் ஏதாவது சொல்வேன் என்று காத்திருந்தாள். நான் குனிந்து, சரியாக இருந்த கொசுவத்தை அவிழ்த்து மறுபடி மடித்தேன். அவள் மீண்டும் தையலைப் பிரிக்கப் போனாள்.

ஐந்தே நிமிடத்தில் ஜாக்கெட் சரியாகிவிட்டது. மேடையேறினோம். விளக்கில் அந்தக் கரும்பச்சை அத்தனை அழகாக இருந்தது என்று பிறகு எல்லோரும் சொன்னார்கள். லோயிஸ் அக்கா முன்னால் நின்று மூச்சை இழுத்தார். நான்கு வரியும் தங்கு தடையில்லாமல் அரங்கத்தின் கடைசி வரிசை வரை போனது. அப்படி அவர் என்றைக்குமே பாடியதில்லை.

ஐந்தாவது வரி எங்களுடையது. ஆன்சி எங்கள் பக்கம் திரும்பிக் கையைத் தூக்கினாள். சுற்றிலும் பத்துக் குரல் எழுந்தது. நானும் வாயைத் திறந்தேன், சத்தம் வரவில்லை. கடைசி வரை வாயை மட்டும் அசைத்துக்கொண்டு நின்றேன். ஆன்சி அதைப் பார்த்துக்கொண்டேதான் கையை அசைத்தாள்.