மனுப் போட்ட பிறகு

இலங்கை மலையகத்தில், தலவாக்கலைக்குப் பக்கத்தில் ஒரு சிறிய அரசாங்க ஆஸ்பத்திரியில் மருந்து கலந்து கொடுப்பது என் வேலை. தமிழரை அடித்து விரட்டிய கலவரம் அடங்கி இரண்டொரு வருஷம்தான் ஆகியிருந்தது. அந்த நேரத்தில் என்னைத் தெற்கே, தமிழ்க் குடும்பமே இல்லாத ஒரு கரையோர ஊருக்கு மாற்றி உத்தரவு வந்தது. என் இடத்துக்கு வரப்போகிறவர் யாரோ பெரிய மனிதருக்கு வேண்டியவர் என்று டவுனெல்லாம் பேச்சு. முறைப்படி எனக்கு அப்போது மாற்றம் வந்திருக்கவே கூடாது. நுவரெலியாவில் ஒரு வக்கீலைப் பிடித்து மனுப் போட்டேன். வழக்கு முடியும்வரை மாற்றத்தை நிறுத்தி வைக்கச் சொன்னது நீதிமன்றம்.

மறுநாள் ஆஸ்பத்திரியில் யாரும் என்னிடம் எதுவும் கேட்கவில்லை. தேத்தண்ணி குடிக்கப் போனால் பேச்சு நின்றது. டாக்டர் மட்டும் வழக்கத்தைவிட மரியாதையாகப் பேசினார். அந்த மரியாதைதான் என்னை உறுத்தியது.

மழை பிடித்துக்கொண்ட ஒரு காலையில், தேயிலைத் தோட்டத்து லயத்து வீடுகளிலிருந்து ஒரு பெண் கைக்குழந்தையோடு வந்தாள்.

"நேத்திலேருந்து வயித்தால போகுதுங்க ஐயா. பாலே குடிக்க மாட்டேங்குது."

வயிற்றோட்டத்துக்கான வெள்ளை மருந்துப் போத்தல் அலமாரியில் அதன் இடத்தில்தான் இருந்தது. அவள் கொண்டுவந்த போத்தலில் ஊற்றத் தொடங்கியதும் டர்பன்டைன் வாடை மூக்கில் ஏறியது. உள்ளே இருந்தது மூட்டுவலிக்கு மேலே பூசும் மருந்து. அதுவும் வெள்ளைதான். சட்டென்று நிமிர்த்தியதில் மேசையெல்லாம் சிந்தியது.

"என்னாங்க ஐயா?"

"ஒண்ணுமில்லம்மா. புதுசா கலந்து தாரேன், இருங்க."

லேபல் நான் ஒட்டியது. உள்ளே இருந்தது நான் ஊற்றியதல்ல. அவளுக்கு மருந்து கலந்து கொடுத்தனுப்பிவிட்டு, அலமாரிப் போத்தலை டாக்டரிடம் கொண்டுபோனேன். அவர் முகர்ந்து பார்த்துவிட்டுச் சிரித்தார்.

"கோர்ட் யோசனையிலேயே இருந்தால் கை தவறத்தான் செய்யும்," என்றார் சிங்களத்தில். "குழந்தை குடித்திருந்தால் உங்களை யார் காப்பாற்றுவது?"

நான் திரும்பி வந்தபோது, அறை கூட்டும் சிங்கள அம்மா தரையைத் துடைத்துக்கொண்டிருந்தார். தலை நிமிராமலே சொன்னார்:

"மஹத்தயா, அல்மாரி பூட்டினா மட்டும் பத்தாது."

"யாரைப் பாத்தீங்க?"

"நான் ஒண்ணும் பாக்க இல்ல. எனக்கும் புள்ளைங்க இருக்கு."

அன்றிலிருந்து ஒவ்வொரு போத்தலையும் முகர்ந்து பார்க்காமல் நான் ஊற்றியதில்லை. அப்படியும் ஒருநாள் காய்ச்சல் மாத்திரை டப்பாவுக்குள் தூக்க மாத்திரைகள் கலந்து கிடந்தன. இரண்டும் ஒரே அளவு, ஒரே நிறம். வாசலில் வரிசையாகக் கொழுந்தெடுக்கும் பெண்களும் பிள்ளைகளும் காத்திருந்தார்கள். டப்பாவை அப்படியே குப்பைக் குழியில் கொட்டினேன்.

வீட்டில் மனைவியிடம் சொன்னேன்.

"அந்த ஊருக்கே போயிருவோங்க," என்றாள். "அங்க நம்மள என்ன செஞ்சாலும் நமக்குத்தான். இங்க யாரு புள்ளையோ சாகும்."

வக்கீலுக்குக் கோபம். ஜெயிக்கப்போகிற வழக்கு என்றார். நான் பிடிவாதமாக நின்றேன். மனுவை வாபஸ் வாங்க நீதிமன்றம் போனபோது, யாராவது வற்புறுத்தினார்களா என்று நீதிபதி கேட்டார். அறையின் பின்வரிசையில் டாக்டர் உட்கார்ந்திருந்தார். என்னிடம் சாட்சி என்று ஒன்றும் இல்லை.

"இல்லை, ஐயா," என்றேன்.

தெற்கே நாங்கள் பயந்தபடி எதுவும் நடக்கவில்லை. ஆனாலும் அங்கிருந்த காலம் முழுக்க என் மனைவி பகலிலும் கதவைத் தாழிட்டே வைத்திருந்தாள்.

பல வருஷம் கழித்து அந்தச் சிங்கள அம்மாவை ஹட்டன் பஸ் நிலையத்தில் பார்த்தேன். எனக்குப் பின்னால் வந்தவர் எப்படி என்று விசாரித்தேன்.

"நல்ல மனுசன்," என்றார். "அல்மாரி பூட்டவே மாட்டார். ஒரு நாளும் ஒரு மருந்தும் மாற இல்ல."

அவர் அப்போதும் குரலைத் தாழ்த்தித்தான் பேசினார்.